அடைப்பு வீட்டுக் கதவில் ஒட்டிய நோட்டீஸ்

செங்கல்வராயன் ஒரு வீட்டு வாசலில் வந்து நின்றால், அந்த வீட்டில் யாரும் "வாங்க" என்று சொல்ல மாட்டார்கள். உள்ளே இருப்பவர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொள்வார்கள். பிறகு யாராவது ஒருத்தி, பெரும்பாலும் அந்த வீட்டு மருமகள், "அவுரு வெளிய போய்க்கீறாரு" என்பாள். அவர் உள்ளே கட்டிலில் மூச்சைப் பிடித்துக்கொண்டு படுத்திருப்பார். அது அவளுக்கும் தெரியும், செங்கல்வராயனுக்கும் தெரியும். அவர் கோபப்படுவதில்லை. கோபப்படவும் உடம்பில் தெம்பு வேண்டும் அல்லவா? நோட்டீஸை வாங்க ஆள் இல்லையென்றால் கதவில் ஒட்டிவிட்டு அடுத்த வீட்டுக்குப் போய்விடுவார்.

ஆந்திராவில், தமிழ்நாட்டு எல்லையை ஒட்டி, புத்தூருக்கும் நகரிக்கும் நடுவில் அவர் ஊர். பெயர் வேண்டாம்; சொன்னால் நாளைக்கே யாராவது சண்டைக்கு வருவார்கள். அவர் வேலை வி.ஆர்.ஏ., கிராம வருவாய் உதவியாளர். அவருடைய நைனா காலத்தில் இதே வேலைக்குத் தலையாரி என்று பெயர். பெயர் இங்கிலீஷுக்கு மாறிவிட்டது, வேலை மாறவில்லை. அதிகாரி வந்தால் நாற்காலி போடுவது, நில அளவைக்காரர் வந்தால் சங்கிலி பிடிப்பது, சர்க்காருக்குக் கடன்பட்டவர்கள் வீட்டுக்குக் காகிதம் கொண்டுபோவது. இதற்கு அவருக்குச் சம்பளம் கிடையாது, கௌரவ ஊதியம்தான். அந்தக் கௌரவமும் மூன்று மாதத்துக்கு ஒருமுறைதான் மொத்தமாக வரும்.

நைனா காலத்தில் தண்டோரா போடுவார்கள். இன்னார் வீடு, இன்ன தேதியில் ஜப்தி, இன்ன தேதியில் ஏலம் என்று மூலைக்கு மூலை பறையடித்துச் சொல்வார்கள். அது நல்ல வழக்கம் என்று சொல்ல வரவில்லை. மானம் போய்த் தூக்கில் தொங்கியவர்களும் உண்டு. ஆனால் எனக்குச் சேதி வரவில்லை என்று அப்போது ஒருவரும் சொல்ல முடியாது. செங்கல்வராயன் காலத்தில் பறை போய்ப் பசை வந்தது. மைதாவைக் காய்ச்சி, பூச்சி அரிக்காமல் இருக்கக் கொஞ்சம் மயில்துத்தம் போட்டு, வெங்கடம்மா ஒரு பழைய ஹார்லிக்ஸ் பாட்டிலில் ஊற்றிக் கொடுப்பாள். வெங்கடம்மா அவர் மனைவி. வீட்டுப் பாத்திரத்தில் அந்தப் பசையைக் காய்ச்ச மட்டும் இன்றுவரை அவள் சம்மதித்ததில்லை. அதற்கென்று கொல்லையில் ஒரு தகர டப்பா இருக்கிறது.

இப்போது பசை மட்டும் போதாது. ஒட்டிய பிறகு செல்போனில் படம் எடுக்க வேண்டும். படத்தின் கீழே இடம், தேதி, நேரம் எல்லாம் தானாக விழும். இரண்டு சாட்சிகளின் கையெழுத்தும் வேண்டும். சாட்சி என்றால் வேறு யாரும் இல்லை. பஸ் ஸ்டாண்டு டீக்கடைக்காரர் ஒருவர், அவர் கடையில் எப்போதும் உட்கார்ந்திருக்கும் ஆட்டோக்காரர் ஒருவர். நாலு தெரு தள்ளி ஒட்டிய நோட்டீஸுக்கும் அவர்கள் இருவரும் டீக்கடை பெஞ்சிலேயே கையெழுத்துப் போட்டுக் கொடுத்துவிடுவார்கள். இந்தப் பக்கம் எல்லா ஊரிலும் அப்படித்தான். அந்தப் படத்தை மண்டல ஆபீஸில் கம்ப்யூட்டரில் ஏற்றினால் சிவப்பாக இருந்த கட்டம் பச்சையாகிவிடும். பச்சையாகிவிட்டால் ஆளுக்குச் சேதி போய்ச் சேர்ந்துவிட்டது என்று அர்த்தம்.

நெசவுத் தெருவில் ஜெயச்சந்திரன் வீட்டுக்கு மட்டும் செங்கல்வராயன் தயங்காமல் போவார். ஜெயச்சந்திரன் முன்கட்டில் இரண்டு பவர்லூம் மிஷின் போட்டிருந்தவர். மிஷினுக்காக சர்க்கார் கார்ப்பரேஷன் ஒன்றில் கடன் வாங்கி, பாதிக்கு மேல் ஒழுங்காகக் கட்டி வந்தார். கொரோனாவில் எல்லாம் நின்றது. பிறகு நூல் விலை ஏறியது. கடனும் நின்ற இடத்தில் நிற்காமல் வட்டியோடு வளர்ந்தது. நோட்டீஸ் கொண்டுபோனால் மிஷினை நிறுத்திவிட்டு, "இன்னா செங்கல்வராயா, கல்யாணப் பத்திரிகையா?" என்று சிரித்துக்கொண்டே வாங்கிக் கையெழுத்துப் போடுவார். அவர் மனைவி இந்திராணி உள்ளேயிருந்து எட்டிப் பார்த்து, "ணா, ஒரு வாய் துன்னுட்டுப் போ" என்பாள். கடனைக் கேட்டு வருகிறவனைச் சாப்பிடக் கூப்பிட்ட வீடு அந்த ஊரில் அது ஒன்றுதான்.

போன வருஷம் ஒரு நாள் மிஷின் ஓடிக்கொண்டிருக்கும்போதே ஜெயச்சந்திரன் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சாய்ந்தார். புத்தூர் ஆஸ்பத்திரி வரைகூட உயிர் நிற்கவில்லை. காரியத்துக்கு வந்த ஐயர் பஞ்சாங்கத்தைப் புரட்டிவிட்டு முகத்தைச் சுளித்தார். அவிட்ட நட்சத்திரம். அந்த நட்சத்திரத்தில் உயிர் போனால் வீட்டை ஆறு மாதம் அடைத்து வைக்க வேண்டும். அந்தப் பக்கத்தில் தமிழரும் தெலுங்கரும் இதில் ஒரே கட்சி. விளக்கு ஏற்றக் கூடாது, வாசல் தெளிக்கக் கூடாது, அந்த வீட்டு மனுஷர்கள் அந்தக் கதவை ஏறெடுத்தும் பார்க்கக் கூடாது.

பதினாறாம் நாள் காரியம் முடிந்து வீட்டைப் பூட்டினார்கள். ஏரிக்கரையில் இலந்தை முள் வெட்டி வந்து கதவுக்குக் குறுக்கே கட்டியவர் செங்கல்வராயன்தான். இந்திராணி தெருமுனையில் ஒரு பையும் மகள் பிரித்திகாவுமாக நின்றாள். திருப்பதியில் கொர்லகுண்டாவில் அவள் தங்கை வீடு இருந்தது. அங்கே போய், பஸ் ஸ்டாண்டு பக்கம் ஒரு லாட்ஜில் அறை சுத்தம் செய்கிற வேலைக்குச் சேருவதாக ஏற்பாடு.

"ணா, எதனா ஒண்ணு ஆச்சின்னா ஒரு போன் பண்ணு," என்று நம்பரைக் கொடுத்தாள். "வூட்டுக்கு நீதான் காவலு."

"நீ போம்மா. நான் பாத்துக்கறேன்," என்றார் செங்கல்வராயன்.

அன்றைக்கு அவர் அதை மனசாரத்தான் சொன்னார்.

அடைப்பு வீட்டுக்கு ஊர் எப்படி ஒதுங்குகிறது என்று பார்த்தால்தான் தெரியும். பால்காரர் அந்தத் தெருவில் அடுத்த வீட்டோடு திரும்பிவிடுவார். வாராவாரம் தண்டல் வசூலிக்க வருகிறவன், எவனுக்கும் இரங்காதவன், ஜெயச்சந்திரனின் பாக்கி நின்ற நோட்டை மடித்து வைத்துவிட்டான். வீடு திறக்கட்டும், அப்புறம் பேசலாம் என்றான். சீட்டுக்காரி, நூல் வியாபாரி எல்லாரும் அப்படித்தான். வீடு திறக்கிறவரை கடன்காரர்கள் வாய் திறக்க மாட்டார்கள். யாரும் எழுதிவைத்த சட்டம் இல்லை இது, ஆனால் மீறியவர்களும் இல்லை.

இரண்டாவது மாதம் கார்ப்பரேஷனிலிருந்து ஒரு கட்டு நோட்டீஸ் வந்தது. முன்பு வந்ததைவிட இது நல்ல நோட்டீஸ். வட்டி முழுக்கத் தள்ளுபடி, அசலில் மிச்சத்தை மட்டும் அறுபது நாளுக்குள் கட்டினால் கணக்கு முடிந்தது. ஆட்சேபணை இருந்தால் அதையும் அதற்குள் சொல்லலாம். இரண்டும் செய்யாவிட்டால் வீட்டை ஜப்தி செய்து ஏலம் விடப்படும். கட்டின் மேலாக இருந்த நோட்டீஸில் ஜெயச்சந்திரன் பெயர், வாரிசு இந்திராணி.

செங்கல்வராயன் ரெவின்யூ இன்ஸ்பெக்டர் நாகையாவிடம் போனார்.

"சார், இந்த வூடு அடைப்புல கீது. அந்தம்மா திருப்பதியில கீது. நம்பரு எங்கிட்ட கீது சார். ஒரு நாள் பஸ்ஸு சார்ஜி குடுத்தீங்கன்னா கையில குடுத்துட்டு வந்துடறேன்."

நாகையா கெட்டவர் இல்லை. ஆனால் அன்று சனிக்கிழமை, திங்கட்கிழமை மாவட்ட ரிவ்யூ மீட்டிங், அவர் மண்டலத்தில் மட்டும் முப்பது சொச்சம் கட்டம் சிவப்பாக இருந்தது. "அட்ரஸ்லோ ஏமுந்தி, என்ன போட்டிருக்கு? நெசவுத் தெருவுதானே? அக்கட ஒட்டு, போட்டோ பெட்டு," என்றார் தலையை நிமிர்த்தாமல். "திருப்பதிக்குப் போய் ஒவ்வொருத்தன் கையிலயும் குடுக்கறதுக்கு நாம கொரியர் கம்பெனியா நடத்தறோம்?"

சாயந்திரம் செங்கல்வராயன் அந்த வாசலுக்குப் போனார். தான் கட்டிய முள்ளைத் தானே ஒரு கையால் விலக்கிப் பிடித்துக்கொண்டு, இன்னொரு கையால் காகிதத்தை ஒட்டினார். விரலில் முள் ஏறியது. படம் எடுத்தார். டீக்கடையில் இரண்டு கையெழுத்து வாங்கினார். கட்டம் பச்சையானது.

வீட்டுக்கு வந்தும் மனசு கேட்கவில்லை. செல்லை எடுத்து இந்திராணி நம்பரைத் தேடினார். அடுப்படியிலிருந்து வெங்கடம்மா பார்த்துவிட்டாள்.

"யாருக்குப் போனு?"

சொன்னார்.

"இன்னாய்யா மனுஷன் நீ? புருஷன் செத்து ரெண்டு மாசம் ஆவல, அடைப்புல கீற பொம்பளைக்குப் போன் போட்டு கடனைக் கட்டுன்னு சொல்லப் போறியா? தண்டல்காரனே வாயை மூடிக்கினு கீறான். உனுக்கு இன்னா கேடு?"

அவர் செல்லை வைத்துவிட்டார். அவள் சொன்னதில் என்ன தப்பு? ஊரே காக்கிற மரியாதையை அவர் மட்டும் எப்படி உடைப்பது? அதோடு அவர் மனசுக்குள் ஒரு கணக்கும் இருந்தது. வீடு திறந்து அவள் காகிதத்தைப் பார்க்கிற நாளிலிருந்துதானே அறுபது நாள் ஓடும்? சாமி படத்துக்கே ஆறு மாதம் விளக்கு கிடையாது என்று ஒதுங்கியிருக்கிற வீட்டில் சர்க்கார் மட்டும் உள்ளே நுழைந்து உட்காருமா? வாழ்நாள் முழுக்க சர்க்கார் வேலை செய்த மனிதர் இப்படி நினைத்தார் என்றால் சிரிப்பு வரும். ஆனால் அவர் சர்க்காரில் இருந்தாரே தவிர வாழ்ந்தது ஊரில்தான். ஊர் காத்திருக்கும்போது சர்க்காரும் காத்திருக்கும் என்றுதான் அவருக்குத் தோன்றியது.

அப்புறம் ஓட்டர் லிஸ்ட் வேலை வந்தது. அதன் பின்னால் மூட்டுக்கு மூட்டு வலிக்கிற காய்ச்சல் வந்து, நாற்பது நாள் சுவரைப் பிடித்து நடந்தார். எழுந்த பிறகும் முழங்கால் பழையபடி மடங்கவில்லை. இந்திராணியின் நோட்டீஸ் அவர் ஞாபகத்திலிருந்தே போய்விட்டது. அறுபது நாள் முடிந்தது. அவர் படுக்கையில் இருந்த அந்த நாட்களில் சச்சிவாலயம் என்கிற கிராமச் செயலகத்திலிருந்து வேறொரு ஆள் வந்து ஏல நோட்டீஸையும் அதே கதவில் ஒட்டி, படம் எடுத்துக்கொண்டு போனார்.

ஆறு மாதம் முடிந்து வீடு திறக்க நாள் குறித்தார்கள். ஐயர் வந்தார், பக்கத்து வீட்டிலிருந்து பசுவும் கன்றும் வந்தன. இந்திராணியும் பிரித்திகாவும் புதுப்புடவையும் ஈரத் தலையுமாகத் தெருவில் நின்றார்கள். ஆறு மாதத்தில் இந்திராணி பாதியாகியிருந்தாள். லாட்ஜ் வேலையில் பினாயில் பட்டுக் கைவிரல்கள் வெந்திருந்தன. ஆனாலும் அன்று முகத்தில் ஒரு தெளிவு இருந்தது. சொந்த வீட்டுக்குத் திரும்பி, ஒரு மிஷினை விற்று இன்னொன்றை ஓட்டலாம் என்று வழியெல்லாம் பேசிக்கொண்டு வந்திருந்தாள்.

முள்ளைக் கட்டியவர்தான் எடுக்க வேண்டும். செங்கல்வராயன் காலை இழுத்துக்கொண்டு படியேறினார். காய்ந்த இலந்தை முள்ளுக்குப் பின்னால் இரண்டு காகிதங்கள் இருந்தன. ஒன்று வெயிலில் வெளுத்துப்போய், அவர் கையால் ஒட்டியது. மற்றது அதற்குப் பக்கத்தில். அதில் ஏலத் தேதி இருந்தது. இன்னும் மூன்று வாரம்கூட இல்லை.

முள்ளைப் பிடித்தபடியே நின்றார்.

"நேரம் போயிண்டிருக்கு, சீக்கிரம் ஆகட்டும்," என்று ஐயர் அவசரப்படுத்தினார்.

பின்னால் இந்திராணி, "இன்னாணா அது கதவுல?" என்று கேட்டாள்.

"ஒண்ணுமில்லம்மா. மொதல்ல பசு உள்ள போவட்டும்," என்றார்.

பசு போனது. பால் பொங்கியது. சாமி விளக்கு எரிந்தது. எல்லாரும் போன பிறகு செங்கல்வராயன் கதவருகில் உட்கார்ந்து, தெலுங்கில் இருந்ததைத் தமிழில் வரிவரியாகச் சொன்னார். முதல் நோட்டீஸை ஒட்டியது தான்தான் என்பதையும் சொன்னார்.

இந்திராணி கத்தவில்லை. கத்தியிருந்தால் அவருக்குக் கொஞ்சம் நன்றாக இருந்திருக்கும்.

"அசலு மட்டும் கட்டினா போதும்னா போட்டிருந்தாங்க?"

"ஆமாம்மா."

"அவுரு இன்சூரன்சு பணம் மூணாவது மாசம் வந்துச்சிணா. பேங்குலயே கெடந்துச்சி. அசலுக்கு சரியா இருந்திருக்கும். கட்டியிருப்பேன்." அவள் மகளைப் பார்த்தாள். பிரித்திகா தலையைக் குனிந்துகொண்டாள். "ஐஞ்சாவது மாசம்தான் இவளை நர்சிங்ல சேத்து ஃபீஸு கட்டினேன். இன்னா பண்றதுன்னு தெரியாம ரெண்டு மாசம் அந்தப் பணத்தை வெச்சிக்கினு முழிச்சிக்கினு இருந்தேன்ணா."

"நான் போன் பண்ணலாம்னுதான்..."

"உங்கிட்ட நம்பரு குடுத்தேனே ணா."

அவ்வளவுதான் அவள் சொன்னது. செங்கல்வராயன் வீட்டுக்கு வந்து அன்று சாப்பிடவில்லை. வெங்கடம்மா என்ன ஏது என்று கேட்டாள். எல்லாம் கேட்டுவிட்டு அவளும் சாப்பிடவில்லை. "நான்தானே போன் பண்ணவேணாம்னு சொன்னேன்," என்று அடுப்பைப் பார்த்துக்கொண்டே சொன்னாள்.

பிரித்திகா தெலுங்கில் மனு எழுதினாள். ஏலத்துக்கு எதிராக முறையிட சித்தூரில் பெரிய அதிகாரியிடம் போக வேண்டும் என்று யாரோ சொன்னார்கள். எங்களுக்குச் சேதியே வரவில்லை, எங்களைக் கேட்காமல் வீட்டை விற்கிறீர்கள் என்பதுதான் மனு. விசாரணைக்கு நாள் கொடுத்தார்கள். நோட்டீஸ் ஒட்டியவரும் வந்து சாட்சி சொல்ல வேண்டும் என்று மண்டல ஆபீஸுக்கு உத்தரவு வந்தது.

நாகையா செங்கல்வராயனைத் தனியாகக் கூப்பிட்டார். கதவைச் சாத்தினார்.

"அட்ரஸ்ல ஒட்டினேன், ஆள் இல்ல, சாட்சி ரெண்டு பேரு இருந்தாங்க, போட்டோ எடுத்தேன். அன்தே, அவ்வளவுதான். அதுக்கு மேல ஒக்க மாட்ட, ஒரு வார்த்தை வேணாம். நம்பரு இருந்துச்சி, எங்க இருக்கான்னு தெரியும்னெல்லாம் நீ சொன்னேன்னு வெச்சிக்கோ, சாட்சிங்க விஷயமும் வெளிய வரும். முதல்ல போறது உன் வேலை. அப்புறம் என்னோடது."

"சரி சார்," என்றார் செங்கல்வராயன். வேறென்ன சொல்வது? சார் சொல்வதெல்லாம் உண்மைதான். அட்ரஸில்தான் ஒட்டினார். ஆள் இல்லைதான்.

கார்வேட்டிநகரம் வழியாகப் போகிற சித்தூர் பஸ்ஸில் அவருக்கு ஜன்னல் சீட் கிடைத்தது. மூன்று வரிசை முன்னால் இந்திராணியும் மகளும் உட்கார்ந்திருந்தார்கள். இறங்குகிறவரை யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. இந்த வேலையை விட்டால் வேறு என்ன செய்வது என்று வழி முழுக்க யோசித்தார். முழங்கால் இருந்தால் செங்கல் சூளைக்காவது போகலாம். பெயரில் மட்டும் செங்கல் இருந்து என்ன பிரயோஜனம்!

அதிகாரியின் பெயர் மோனிகா. சின்ன வயதுதான். வரிசையில் நிற்கிறவர்களைப் பார்த்துப் பார்த்து அந்த வயதிலேயே கண்ணில் களைப்பு ஏறியிருந்தது. கோப்பைப் புரட்டினார். படம் இருந்தது, தேதி இருந்தது, இரண்டு கையெழுத்தும் இருந்தன. சட்டப்படி எல்லாம் சரியாகத்தான் இருக்கிறது அம்மா என்று இந்திராணியிடம் தெலுங்கில் சொன்னார். குரலில் கடுமை இல்லை. பிறகு செங்கல்வராயனைப் பார்த்தார்.

"நீங்கள்தானே ஒட்டினீர்கள்?"

"ஆமா மேடம்."

"கதவுக்குக் குறுக்கே இருப்பது என்ன?" படத்தை அவர் பக்கம் திருப்பிக் காட்டினார்.

"இலந்தை முள்ளு மேடம்."

மோனிகா படத்தை மறுபடி தன் பக்கம் திருப்பினார். அவரும் இந்த மண்ணில் பிறந்தவர்தான். கதவுக்குக் குறுக்கே முள் கட்டினால் என்ன அர்த்தம் என்று யாரும் அவருக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. ஆனால் கோப்பில் எழுதுவதற்கு முள் போதாது.

"இந்த வீட்டுக்காரர்கள் எங்கே இருந்தார்கள் என்று உங்களுக்குத் தெரியுமா?"

நாகையா ஓரமாக நின்றிருந்தார். இந்திராணி தரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். செங்கல்வராயனுக்கு முழங்கால் விண்விண்ணென்று தெறித்தது. உட்காரச் சொன்னால் தேவலை என்றிருந்தது. பொய் சொல்ல வேண்டும் என்றால் சொல்லலாம். இத்தனை வருஷத்தில் சர்க்காருக்காக அவர் எத்தனையோ பொய்க்குக் கையெழுத்து வாங்கியிருக்கிறார். ஆனால் இதைச் சொல்லிவிட்டு அதே பஸ்ஸில் அவர்களுக்குப் பின்னால் உட்கார்ந்து ஊர் திரும்ப வேண்டும். அதற்கு அவரிடம் தெம்பு இல்லை.

"தெரியும் மேடம். திருப்பதியில கொர்லகுண்டாவுல. போன் நம்பரும் இருந்துச்சி. அந்த முள்ளைக் கட்டினவனே நான்தான். இவங்க அந்தக் கதவைப் பாக்க மாட்டாங்கன்னு தெரிஞ்சிதான் ஒட்டினேன். சாட்சிங்க ரெண்டு பேரும் டீக்கடையில இருந்தாங்க மேடம், அங்க வரல."

மோனிகா பேனாவைக் கீழே வைத்தார்.

"ஏன் போன் செய்யவில்லை?"

"அடைப்புல கீறவங்ககிட்ட கடனைப் பத்தி எப்படி மேடம் பேசறது? ஊருல யாரும் பேசல. வூடு தெறந்த பிறகு நாளு ஓடும்னு நெனச்சிக்கினு இருந்தேன். தப்பு என்னுதுதான்."

மோனிகா நெடுநேரம் எழுதினார். ஏலம் நிறுத்தப்பட்டது. முறையாகச் சேதி சேராததால் பழைய நோட்டீஸ் இரண்டும் செல்லாது. புதிதாக ஒரு நோட்டீஸ் கொடுத்து, அது அந்தப் பெண்ணின் கையிலேயே சேர வேண்டும். அவர் சொல்வதைக் கேட்ட பிறகுதான் மேற்கொண்டு எதுவும் செய்ய வேண்டும். இந்திராணி இரண்டு கையையும் குவித்துக் கும்பிட்டாள். வெளியே வந்து படிக்கட்டில் உட்கார்ந்து அழுதாள். கொஞ்ச நேரம் கழித்து செங்கல்வராயன் அருகில் வந்து, "டீ குடிக்கலாம் வாணா," என்றாள்.

நாகையா அவரோடு பேசவில்லை. பத்து நாள் கழித்து ஒரு கவரை மேஜை மேல் வைத்தார். "இது புது நோட்டீசு. உன்னையே கொண்டுபோய்க் குடுக்கச் சொல்லி மேல இருந்து வந்திருக்கு. குடுத்துட்டு கையெழுத்து வாங்கி வா. அப்புறம் என்கொயிரி முடியற வரைக்கும் ஆபீசு பக்கம் வராதே."

"ஊதியம் சார்?"

நாகையா அடுத்த கோப்பை எடுத்துப் பிரித்தார். அதுவே பதில்.

இந்திராணி லாட்ஜ் வேலையை இன்னும் விடவில்லை. செங்கல்வராயன் திருப்பதிக்குப் போனபோது கொர்லகுண்டாவில் தங்கை வீட்டு வாசலில் துணி உலர்த்திக்கொண்டிருந்தாள். "வாணா," என்று ஈரக் கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு நாற்காலி போட்டாள். பிரித்திகா அன்று காலேஜுக்குப் போகாமல் வீட்டில் இருந்தாள். செங்கல்வராயன் கவரை இந்திராணியின் கையில் வைத்தார். அவள் இரண்டு கையாலும் வாங்கி, கண்ணில் ஒற்றிக்கொண்டு மகளிடம் கொடுத்தாள்.

பிரித்திகா படித்துத் தமிழில் சொல்லிக்கொண்டே வந்தாள். தங்கள் தரப்பைச் சொல்ல முப்பது நாள் அவகாசம். சித்தூரில் நேரில் விசாரணை. தேதி. நேரம். வக்கீல் வைத்துக்கொள்ளலாம். எல்லாம் தெளிவாக, மரியாதையாக எழுதியிருந்தது. கடைசிப் பக்கத்துக்கு வந்ததும் அவள் நிறுத்தினாள். மேலிருந்து கீழாக மறுபடி தேடினாள்.

"இன்னாடி?" என்றாள் இந்திராணி.

"அசல், வட்டி, அபராத வட்டி, எல்லாம் சேத்து முழுசா போட்டிருக்காங்கம்மா. தள்ளுபடி இல்ல."

"பழைய நோட்டீசுல இருந்துச்சே?"

பிரித்திகா ஒரு வரியைப் படித்தாள். தள்ளுபடித் திட்டம் போன மார்ச் மாதத்தோடு முடிந்துவிட்டது. அதை நீட்டிக்க இந்த ஆபீஸுக்கு அதிகாரம் இல்லை.

செங்கல்வராயன் நாற்காலியிலிருந்து எழப் பார்த்தார். முழங்கால் எழவிடவில்லை. வேலை போனால் போகட்டும், அந்த வீடாவது நிற்கும் என்று எண்ணித்தான் இத்தனை தூரம் பஸ்ஸில் வந்திருந்தார். சட்டைப் பையிலிருந்து ரசீதையும் பேனாவையும் எடுத்து நீட்டினார்.

இந்திராணி வெந்த விரல்களால் பேனாவை வாங்கினாள். அவர் காட்டிய இடத்தில், பெற்றுக்கொண்டேன் என்பதற்குக் கீழே, நிதானமாகத் தன் பெயரை எழுதினாள். காகிதத்தை அவரிடம் திருப்பிக் கொடுத்தாள்.

"இந்த வாட்டி நீ சரியா குடுத்துட்டே ணா," என்றாள்.